தொடர்ச்சிக் குறிப்பு

இசோகாய் தெய்ஜி செத்த கணக்கு
என்னிடம்தான் இருக்கிறது.
உசுமாசா ஸ்டூடியோவில் முப்பத்தொரு வருடம்
கன்டினியூட்டி எழுதியவள் நான்.
எந்தத் தோளில் வெட்டு, எந்தப் பக்கம் சாய்ந்தார்,
செருப்பு கழன்றதா இல்லையா.
அடுத்த ஷாட்டில் மாறக் கூடாது,
அவ்வளவுதான் என் வேலை.

இருநூற்றுப் பதினாலு.
ஆற்றில் விழுந்து ஃப்ரேமை விட்டுப் போனவை
சேர்த்தியில்லை.

வாள் படங்கள் ஓய்ந்ததும்
டிவிக்காரர்கள் வெள்ளைக் கோட்டு மாட்டிவிட்டார்கள்.
பதினோரு டாக்டர், ஆறு இன்ஸ்பெக்டர், ஒரு பிக்கு.
வட்டிக்கடைக்காரர்களை நான் எண்ணவில்லை.
"குடும்பத்தாரை வரச் சொல்லுங்கள்"
என்பதற்கு முன் ஒருமுறை ஜன்னலைப் பார்ப்பார்.
அந்தப் பார்வைக்குத்தான் சம்பளம், வசனம் இனாம் என்பார்.

பஸ்ஸில் யாராவது உற்றுப் பார்ப்பார்கள்.
"நீங்கள் தபால் ஆபீஸில்தானே?"
"ஆமாம், கமேயோகா கிளை."
ஒரு கிழவரிடம்
வராத மணியார்டருக்கு மன்னிப்பும் கேட்டிருக்கிறார்,
ஓடுகிற பஸ்ஸில், இடுப்பு வளைத்து, முழுதாக.

போன மார்ச்சில் நிஜ டாக்டர்.
மனைவிக்கு முழங்கால் வலி, கூடப் போனது நான்.
முப்பது வயதுகூட இராத பையன்,
கம்ப்யூட்டரைப் பார்த்தே சொல்லி முடித்துவிட்டான்.
லிஃப்டில் இவர் சொன்னார்:
"பாவம், அவசரப்பட்டுவிட்டான்.
இன்னொரு டேக் கொடுத்திருக்கலாம்."

ஜூனில் போனார்.
அந்த ஒரு சாவுக்கு நான் அருகில் இல்லை.
எந்தப் பக்கம் சாய்ந்தார், தெரியாது.

சடங்குக்குப் படம் வேண்டும் என்றாள் ஃபுசாயே.
வீட்டு ஆல்பத்தில் இருந்ததெல்லாம் வேறு யார் யாரோ.
என் தகர டப்பாவின் போலராய்டுகளிலும்
விக், தழும்பு, சிவப்புச் சாயம்.
அடியில் ஒன்று மட்டும்:
தலையில் வலைத்தொப்பி,
கழுத்தில் செருகிய செய்தித்தாள்,
கேன்டீனில் உடோன் உறிஞ்சுகிறார்.
குச்சிகள் இடது கையில்.

பின்னால் விலைப்பலகையின் எழுத்து
நேராகத்தான் இருக்கிறது.
பழைய நோட்டுகளைப் புரட்டினேன்.
வலக்கை, வலக்கை, வலக்கை,
எல்லாம் என் கையெழுத்து.

ஃபுசாயே கண்ணாடி மாட்டிக்கொண்டு பார்த்தாள்.
"வீட்டிலும் வலக்கைதான்" என்றாள்.
நாற்பத்தாறு வருடச் சோறு.

சட்டம் போடும் கடைக்காரன்
ஸ்கேலை வைத்து அளந்தான்.
"முகத்தோடு வெட்டிவிடலாம்,
கையும் கிண்ணமும் எதற்கு?"

ஃபுசாயே ஒருமுறை ஜன்னலைப் பார்த்தாள்.
பழக்க தோஷம்,
குறித்துக்கொண்டேன்.