நூற்றுப் பதின்மூன்று நாள்

வைகாசி இருபதில் அமீனா கொடுத்த சம்மன்.
சென்னியப்பன் களத்தில் நின்றபடியே வாங்கி
தேங்காய்ப் பருப்பு மூட்டைமேல் வைத்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்.
எண்ணெய்க் கறை நகலில்கூடத் தெரிகிறது.

எதிருரைக்கு முப்பது நாள்.
கேட்டால் தொண்ணூறு.
அதையும் தாண்டினால் என்னிடம் வர வேண்டும்.
காங்கேயம் கோர்ட்டுக்கு எதிரே, ஜெராக்ஸ் கடை மாடியில்
தாமதத்துக்குக் காரணம் அடிக்கிறவள் நான்.

பதினாறு வருஷத்தில்
இந்தத் தாலுகாவுக்கே மஞ்சள் காமாலை வரவழைத்திருக்கிறேன்.
எத்தனையோ பேரைப் பாத்ரூமில் வழுக்கி விழ வைத்திருக்கிறேன்.
கட்டுகள் காணாமல் போய்
வேறு கட்டுக்குள்ளிருந்து கிடைத்திருக்கின்றன,
எப்போதும் கெடு முடிந்த மறு வாரம்.
'அம்மிணி, நாளை மொத்தமா மன்னிக்க மாட்டாங்க,
ஒவ்வொண்ணுக்கும் கணக்குச் சொல்லோணும்'
என்பார் வக்கீல்.

சென்னியப்பனின் எதிருரை ஆனியிலேயே தயார்.
ஏழு பக்கம், மூன்று பிரதி.
வந்தார். துண்டால் முகம் துடைத்தார்.
'அஞ்சாவது பத்தி மட்டும் படிங்க.'

படித்தேன்.
தகப்பனாரைக் கடைசி மூன்று வருடம்
வாதி தெய்வாத்தாள்தான் பராமரித்தார் என்பதும்
அதற்காகக் களத்தில் பாதியை அவர் பேருக்கு
உயில் எழுதினார் என்பதும்
முற்றிலும் பொய்.

'சரிங்க. பேனா இல்லீங்க.'
கொடுத்தேன்.
'கண்ணாடி கொண்டாரலீங்க.'
செவ்வாய்க்கிழமை வருவதாக இறங்கிப் போனார்.

ஆடியில் ஒருநாள்.
காற்று மூன்றாம் பக்கத்தை அள்ளிக்கொண்டு போயிற்று.
பஸ் ஸ்டாண்டு வரை துரத்திப் பிடித்து வந்தால்
நாற்காலி காலி.
ஆவணியில் தொண்ணூறு முடிந்தது.
வாய்தா. வாய்தா.
'உடம்புக்கு முடியலையா?' வக்கீல் போனில் கத்தினார்.
'நல்லாத்தானுங்க இருக்கறேன்.'
ஐப்பசியில் மழை; பருப்பில் பூஞ்சை என்றார்.
அது உண்மை. கோர்ட்டில் செல்லாது.

கார்த்திகையில் வந்து உட்கார்ந்தார்.
'எங்கய்யனைக் கட்டலோட தூக்கிட்டுப் போனாங்க
அவளும் மச்சானும்.
கேட்டை நாந்தானுங்க தொறந்துவுட்டேன்.'

விரலை எங்கே வைப்பதென்று தெரியாமல்
விசைப்பலகைத் தூசியைத் துடைத்தேன்.

'மறுக்காட்டி என்னாகுமுங்க?'
'மறுக்காதது ஒப்புக்கொண்டதாகும்.'

மார்கழி எட்டு.
'பொய்' என்பதை அடித்துவிட்டு
மேலே வக்கீல் எழுதினார்:
'இப்பிரதிவாதிக்குத் தெரியாது.
வாதியே நிரூபிக்கக் கடமைப்பட்டவர்.'
கண்ணாடி இல்லாமலே படித்தார்.
கையெழுத்துப் போட்டார்.

ஒரு சொல் மாற இருநூற்று மூன்று நாள்.
தொண்ணூறு போக நூற்றுப் பதின்மூன்று.
காமாலை என்றே அடித்தேன்.
கீழாநெல்லி வைத்தியம் என்பதால்
டாக்டர் சர்டிபிகேட் இல்லை என்றும்.

போகிக்கு இரண்டு நாள் முன்பு உத்தரவு:
வாதிக்கு ஆயிரத்து ஐநூறு செலவுத்தொகை கட்டினால்
எதிருரை ஏற்கப்படும்.

கோர்ட் நடையில் பணத்தைக் கொடுத்தது நான்.
அவர் வேப்பமரத்தடியில் வண்டிமேல் உட்கார்ந்து
டீக்கடையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.
தெய்வாத்தாள் இரண்டு தரம் எண்ணினாள்.
'அய்யன் போனதுல இருந்து பொங்கச் சீரு வல்லீங்க.
வந்தப்பவும் ஐநூறுதான் வெப்பான்.
கோர்ட்டு பரவால்ல.'

ரசீதில் கையெழுத்துப் போட்டுத் திரும்பியவள் நின்றாள்.
மனு நகல் அவள் பையில் மடித்திருந்தது.
'காமாலையின்னு போட்டிருந்துதே,
இப்பத் தேவலைங்களா?'

தேவலை என்றேன்.

'எண்ணெப் பண்டம் ஆகாதுன்னு சொல்லுங்க.
நாஞ் சொன்னேன்னு வேண்டாம்.'

சொல்கிறேன் என்றேன்.
தை போய் மாசியும் போயிற்று.
பருப்பு லாரி தினமும் இந்த வழியாகத்தான் போகிறது.
எனக்கு யாரும் கெடு குறிக்கவில்லை.