சென்ற இதழில்

‘எல்லைக்குரல்’ பிறந்த தேதியை
நாங்களே மூன்று விதமாக அச்சிட்டிருக்கிறோம்.
வெள்ளிவிழா மலரில் ஒன்று,
முப்பதாம் ஆண்டு மலரில் இன்னொன்று.
மூன்றாவது நான் எழுதியது. அதற்கு மட்டும் ஆதாரம் உண்டு:
கொல்லம் ஆண்டு 1130, ஆவணி,
மைதீன்கண்ணு பேரில் ஓர் ஒற்றிச் சீட்டு,
பதினேழு மூடு தென்னை.

அந்தப் பணத்தில்
திருவனந்தபுரம் சாலைக் கம்போளத்தில்
எடைக்கு வாங்கிய பழைய எழுத்துகள்.
மார்த்தாண்டம் வந்து கொட்டிப் பார்த்தால்
‘ழ’ ஒன்பதுதான் இருந்தது.
இரண்டாம் பக்கத்திலேயே தீர்ந்துவிடும்.
பிறகு குளித்துறை முன்சீப் கோர்ட்,
குளித்துறை ஆற்றில் வெள்ளம்,
குளித்துறையில் கடையடைப்பு.
வாசகர் ஒருவர் கார்டு போட்டார்:
“ஊரு முழுக்கக் குளிச்சாச்சு.
அடுத்த இதழோட துவர்த்து உண்டுமா?”
யேசுவடியான் சார் அதையும் போட்டார்.
அதிலும் ‘ழ’ இல்லை.

எல்லைப் போராட்டத்து இதழ்களைக்
கேட்டு வருகிறவர்களுக்கு
பைண்டு செய்த தொகுதியைக் காட்டுவேன்.
ஜன்னல் ஜன்னலாக இருக்கும்.
கைதானவர் பட்டியலில் தன் பெயரைப்
பென்ஷனுக்காக ஆளுக்கொரு பிளேடால்
வெட்டிக்கொண்டு போய்விட்டார்கள்.
ஓட்டை வழியே அடுத்த பக்கத்து
முறிவெண்ணெய் விளம்பரம் தெரியும்.
சரித்திரம் கலெக்டர் ஆபீஸ் கோப்புகளில்
துண்டு துண்டாக ஒட்டிக் கிடக்கிறது.
எங்களிடம் இருப்பது ஓரங்கள்.

எழுபத்தொன்பதில் நான் சேர்ந்தது
ராப்பரில் விலாசம் எழுத.
அறுநூற்று நாற்பது பேர்.
விளம்பரக்காரர்களிடம் மூவாயிரம் என்போம்.
எட்டாவது வாரமே புரூஃபும் என் மேசைக்கு வந்தது.
ரப்பர் ஷீட் விலை, தேன் கூட்டுறவுத் தேர்தல்,
அண்டி ஆபீஸ் கூலித் தகராறு,
கொடியேற்று, அசனம், ஏலம்.

மறக்க முடியாத பிழை ஒன்று:
குறும்பனை சிலுவைப்பிச்சை கடலில் மறைந்தார்
என்று கறுப்புக் கட்டம் கட்டிப் போட்டோம்.
பதினாறாம் நாள் அவர் மாடியேறி வந்தார்.
மங்களூர்க்காரன் போட் ஒன்று தூக்கி வந்ததாம்.
என் மேசை முன்னால் நின்று
தன் சாவைத் தானே எழுத்துக்கூட்டி வாசித்தார்.
“எல்லாம் செரிதான். வயசு மட்டும் கூட்டிப்போட்டிய.”
அடுத்த வாரம் திருத்தம் வந்தது:
சென்ற இதழில் இறந்தவர் நேரில் வந்து
டீ குடித்துச் சென்றார்.
வயது நாற்பத்தொன்று.

சார் தொண்ணூற்றொன்றில் போனார்,
புதன்கிழமை, பக்கம் கட்டும் நாள்.
டிக்ளரேஷன் அவர் பேரில்.
மாற்ற வேண்டுமானால் வாரிசுகள் நால்வரும்
ஒரே தாளில் கையெழுத்திட வேண்டும்.
ஒரே அறையில் அவர்கள் உட்கார்ந்தே
வருஷம் ஐந்தாகியிருந்தது.
ஆகவே அவர் சாவுச் செய்தியை
எல்லாப் பத்திரிகையும் போட்டது,
நாங்கள் போடவில்லை.
கடைசிப் பக்கத்து அடிவரியில்
ஆசிரியர்: எம். யேசுவடியான்
என்று இன்னும் ஆறு வருஷம் இருந்தார்.

அந்த ஆறு வருஷத் தலையங்கம் நான் எழுதினேன்.
முதலில் அவர் நடையில்,
‘ஆகையினால்’ போட்டு, ‘கண்டிக்கிறோம்’ போட்டு.
பிறகு எப்போதோ ‘ஆகையினால்’ விட்டுப்போனது.
பஸ் ஸ்டாண்டில் பெண்களுக்குக் கழிப்பறை கேட்டு
நான்கு வாரம் தொடர்ந்து எழுதியபோது
ஒரு சந்தாதாரர் சொன்னார்:
வயசான காலத்தில் சார் நல்லா எழுதுறாரு.
அவர் அடக்கத்துக்கு வந்தவர்தான்.
நான் ரசீது புத்தகத்தை நீட்டினேன்.

கடைசி இதழுக்கு மூன்று வரி
நானே கோர்த்து வைத்தேன்.
‘சென்ற இதழில், அதற்கு முந்தியவற்றிலும்,
ஆசிரியர் என்று வந்த இடங்களில்
லில்லிபாய் என்று திருத்தி வாசிக்கவும்.’
அதிலும் ஒரு ‘ழ’. இந்த முறை கைவசம் இருந்தது.

சாயங்காலம் குலசேகரத்திலிருந்து ஒருவர் வந்தார்,
ரொக்கத்தோடு.
அந்த இடம்தான் மிச்சமிருந்தது.
இதழைப் பார்த்தால் தெரியும், நாலாம் பக்கம், கீழே:

ரப்பர் கன்றுகள் விற்பனைக்கு.
நல்ல ஒட்டு.
நேரில் வரவும்.