வெள்ளை காட்டுதல்

எந்த இடமானாலும் முதலில்
கேமராவுக்கு வெள்ளை காட்ட வேண்டும்.
இதுதான் வெள்ளை என்று சொல்லிவிட்டால்
மற்ற நிறங்களை அதுவே பார்த்துக்கொள்ளும்.

பெரியாஸ்பத்திரிப் பிணவறையில்
டியூப்லைட் பச்சையாய் வழிந்தது.
கொண்டுபோன தாள் நனைந்துவிட
ஊழியர் மொக்கையன்
ஒரு போர்வை நுனியைத் தூக்கிப் பிடித்து
"இது போதுமா தம்பி" என்றார்.
போதும்.
அன்று எல்லா முகங்களும்
சரியான நிறத்தில் வந்தன.

மேலூர்ப் பக்கக் கல்குவாரியில்
வெள்ளைக்குப் பஞ்சமில்லை.
இமையில் கல்மாவு, செருப்பில் கல்மாவு,
ஆறிய டீயில் ஆடைபோலக் கல்மாவு.
ஆள் கிடந்த பள்ளத்தின் தண்ணீர் மட்டும்
அப்படியொரு நீலம்.
"சுற்றுலா விளம்பரம் மாதிரி இருக்கு,
கொஞ்சம் குறைங்க" என்றார் இயக்குநர்.
குறைத்தேன்.

இருபத்திரண்டு வருஷம்.
என் பெயர் திரையில் ஏறும்போது
அரங்கில் விளக்குப் போட்டுவிடுவார்கள்.
ஆடியும் மார்கழியும் ஆவணப்படம்,
வாடகைக்கு மற்ற மாதங்களில் கல்யாணம்.
"இன்னிக்குக் கல்யாணமா, மத்ததா?"
என்று மட்டும் கேட்பாள் அமலோற்பவம்.
மத்தது என்றால்
நான் குளித்து வரும்வரை பேசமாட்டாள்.

போன வைகாசி, விளாங்குடி மண்டபம்.
லென்ஸுக்கு உள்ளே பார்த்தாள் மணப்பெண்.
மணப்பெண்கள் அப்படிப் பார்ப்பதில்லை.
"செல்லூர்ல எங்க வீட்டுக்கு வந்தீங்கள்ல?"

வனராணி.
அப்போது இரண்டாம் வகுப்பு.
அப்பா வீரபுத்திரன்
சாக்கடைக்குள் மூன்றாவதாக இறங்கியவர்.
முதல் இருவரைத் தூக்கத்தான் இறங்கினார்.
மூடியோரம் சுருண்டு கிடந்த கயிற்றை
ஆறு கோணத்தில் எடுத்தேன்.
படத்தில் நாலு இருக்கிறது.

திட்டப்போகிறாள் என்று நினைத்தேன்.
அதற்கொரு பதில்கூட
பல வருஷமாய்த் தயாராய் இருந்தது.
அவள் கேட்டது வேறு.
"வெள்ளை வேணும்னு என் யூனிஃபார்ம் சட்டையப்
பிடிக்கச் சொன்னீங்க. அது இருக்கா?
அப்பன் செத்தன்னிக்குச் சிரிச்சவன்னு
அத்தை இன்னமும் சொல்லிக்காட்டுது.
சிரிச்சேனா இல்லையான்னு பாக்கணும்."

வெள்ளை காட்டும் துண்டை
எந்தப் படத்திலும் வைப்பதில்லை. ஆனால்
தூக்கியும் எறிவதில்லை.

இரவு மூன்று மணி. நாற்பத்தொன்றாவது டேப்.
பழைய கேமரா இரண்டு முறை துப்பிவிட்டு
மூன்றாம் முறை விழுங்கியது.
திரை முழுக்கச் சட்டை.
பையில் நீல மைக் கறை, பொத்தான் இடத்தில் ஊக்கு.
மஞ்சளாய் இருந்த துணி
மெல்ல வெளுக்கிறது.
"போதும், இறக்கு."
என் குரல், ஆனால் இளசு.

சட்டை இறங்குகிறது.
பின்னால் முன்பல் இரண்டில்லாத ஒரு முகம்.
அப்பா இல்லை என்று
யாரும் அவளிடம் சொல்லியிருக்கவில்லை.
எனக்குத் தெரியும்.
முகம் அப்படியே இருக்கிறது
ஒரு நொடி, இரண்டு.
அப்புறம் கேமராவின் இந்தப் பக்கமிருந்து,
கல்யாண வீட்டுப் பழக்கம்,
"எங்க பாப்பா, சிரி பாப்பா, சிரி."

சிரிக்கிறாள்.

பதினேழு நொடி.
கல்யாண வீடியோ இருந்த பென்டிரைவிலேயே
அதையும் ஏற்றிக் கொடுத்தேன்.
சத்தத்தை நிறுத்தவில்லை.