டோவரில் நிக்கிற லொறி

சி டிரைவ் சிவந்துபோய்க் கிடக்கு.
மிச்சம் ஒண்டரை ஜீபி.
மேசையில் பிரபாலினியின்ர கலியாணம்,
மூண்டு கமரா, ஒரு ட்ரோன்,
இருநூற்றிப் பன்னிரண்டு ஜீபி,
இறங்க இடமில்லாமல்
கார்ட் ரீடரில் குந்திக்கொண்டிருக்கு.

ரொறன்ரோவில இருந்து மாப்பிள்ளையின்ர சித்தப்பா:
தங்கச்சி, ஞாயிறுக்குள்ள வந்திடுமோ?
வந்திடும் அண்ணை.

வெளி டிஸ்க் வாங்கலாம்.
ஸ்ரான்லி வீதியில் விலை கேட்டன்.
அந்த விலைக்கு இன்னொரு கலியாணம் எடுக்கவேணும்,
அதை வைக்க இன்னொரு டிஸ்க் வேணும்.

அளவின்படி அடுக்கிப் பாத்தன்.
தலைமாட்டில் யுத்தம்: நூற்றி நாப்பத்தெட்டு.
பிறகு பந்தாட்டம்: ஐம்பத்திமூண்டு.
லொறி: இருபத்தொம்பது.
எல்லாத்துக்கும் கீழ
எனக்குச் சோறு போடுற எடிட்டிங் மென்பொருள்: ஆறு.

யுத்தத்தை ஒன்பது இரவு இறக்கினது.
பன்னிரண்டுக்கு இராத் டேட்டா தொடங்கும்,
ஏழுக்கு முன்னம் அலாரம் வைச்சு எழும்பி நிப்பாட்டுவன்.
நாலாம் இரவு கரண்ட் போய்
அறுபது வீதத்தில நிண்டது முப்பத்தெட்டுக்கு வந்தது.
ஆரோட இரவிரவாக் கிடக்கிறாய் எண்டு அம்மா கேட்டா.
றவுட்டரோட எண்டன்.

முதல் நாள் ஸ்பீக்கரில் ஹெலிச் சத்தம் வந்தது.
குசினியில் தண்ணிக் குழாய் நிண்டது.
அதுக்குப் பிறகு மியூட்.
சத்தமில்லாத யுத்தத்தில்
எந்தப் பக்கத்தால வருகுதெண்டு தெரியாமல்
கெதியாச் சுடுபட்டுப் போவன்.

நிச்சயமா, எண்டு கேட்டது.
ஓம்.
நாப்பத்தொரு செக்கன்.

பந்தாட்டத்தில் பாதிக் காசு
குருநகர் றெஜினோல்டின்ரை.
எடுத்துச் சொன்னன், அழிக்கப்போறன் எண்டு.
அழி, ஆனா கடைசி மச் ஏழுக்கு மூண்டு,
அதை எங்கயாவது எழிதி வை எண்டான்.
சுவிட்சுக்குப் பக்கத்தில
சுவரில பென்சிலால எழுதினன்,
ஏழை ஆறாக்கி.

இன்னும் ஒன்பதரை காணாது.
குப்பைத் தொட்டியை வெறுமையாக்கினன்.
ஆரோ ஒரு பிள்ளையின்ர சாமத்தியவீட்டில
போக்கஸ் இல்லாத மாமிமாரை எடுத்து எறிஞ்சன்.
ரெண்டு ஜீபி வந்தது.
லொறிதான் மிச்சம்.

லொறியில நான் போகாத இடமில்லை.
ஒஸ்லோவில மீன் ஏத்தி மிலானில இறக்கினன்.
கலேயில இருந்து டோவருக்கு ஐம்பத்திரண்டு தரம்.
கப்பல் படம் ஒண்டு வரும்,
காசு வெட்டுப்படும், அவ்வளவுதான்.
பாஸ்போட் எண்ட சொல்லே அந்த விளையாட்டில இல்லை.

பெரியம்மாவின்ர மயூரதன்
அதே கலேயில, லொறியளுக்குப் பின்னால ஓடி
ஏழு மாதம் இருந்தவன்.
ஒருக்கா வீடியோ கோலில் திரையைக் காட்டினன்.
கன நேரம் பாத்தான்.
அந்த வளைவில மரம் இல்லை, கம்பி வேலி எண்டான்.
மற்றப்படி சரி எண்டான்.
இப்ப லா சப்பலில கோப்பை கழுவுறான்.

நிச்சயமா?
தேத்தண்ணி போட்டுக்கொண்டு வந்தன்.
அதே கேள்வி அங்கயே நிண்டது.
ஓம்.

போன இடத்தில ஒரு கோப்புறை மிஞ்சிக் கிடந்தது:
என்ர சேவ், நாலு எம்பி.
அதுக்குள்ள, கப்பலால இறங்கி,
பெற்றோல் செட்டுக்குப் பக்கத்தில
ஹாண்ட்பிரேக் போட்டபடி நிக்குது
பதினாலு தொன் சீஸோட ஒரு லொறி.
கீழ றோட்டும் இல்லை இப்ப, டோவரும் இல்லை.
கிடக்கட்டும்.
நாலு எம்பி, கலியாணத்தில
அரைச் செக்கன்கூட வராது.

பிரபாலினி இறங்கிக்கொண்டிருக்கிறா.
மிச்சம் மூண்டு மணித்தியாலம் எண்டுது,
உடன நாப்பது நிமிசம் எண்டுது,
பிறகு கணக்குப் பாக்கிறன் எண்டுது.

முதல் கிளிப்பைத் திறந்தன்.
ட்ரோன் மண்டபத்துக்கு மேல எழும்ப,
கோண்டாவில் சந்தியில
கோவா மூட்டை ஏத்தின லொறி ஒண்டு
றிவேர்ஸ் எடுக்க வழியில்லாமல்
மாப்பிள்ளைக் காருக்குக் குறுக்க நிக்குது.
டிரைவர் இறங்கிக் கையை விரிக்கிறார்.

வெட்டவேண்டிய இடம்.
இன்னும் வெட்டேல்லை.