நிரல் ஒன்பது

ஐயா,
மேற்படி விடயம் தொடர்பாகத்
தாங்கள் கோரிய விளக்கம்:

ஏறாவூர் உபபிரிவில் என் பொறுப்பில்
இரண்டாயிரத்து நாற்பது மீற்றர்கள்.
கம்பி இல்லை, கம்பம் இல்லை.
வாவிக்கடியில்
கண்டல் வேரோடு வேராய்ப் பின்னி வந்து
வீட்டுச் சுவரில் பித்தளைக் கண்ணாய்த் திறக்கிறது.
திணைக்களம் அதை விசை என்று எழுதும்.
சனங்கள் மினுக்கு என்பார்கள்.

ஓர் அலகுக்கு
உவர்க்கிணறு ஒருநாள் இனிக்கும்.
இரண்டு அலகுக்குப் பிள்ளையின் காய்ச்சல் இறங்கும்.
மூன்றுக்கு மேலென்றால்
படிவம் பதினேழு,
கிராம சேவையாளர் ஒப்பம்,
காய்ச்சல் இன்னும் இருக்கிறது என்பதற்குச் சத்தியக்கடதாசி,
மறுகா கொழும்பு.
கொழும்பு பதில் எழுதும்போது
பிள்ளை பள்ளிக்கூடம் போயிருக்கும்,
அல்லது போகாது.

நான் துண்டிப்புக்காரன்.
கரியரில் குறடு, ஈய முத்திரை, சிவப்பு நூல்.
என் சைக்கிள் மணிக்குப் படலைகள் சாத்தும்;
ஆதலால் விடியச்சாமத்தில் வெட்டுவது வழமை.

மாசி, வெள்ளம் வடிந்த கிழமை,
மீராகேணி ஒழுங்கை,
சித்தி மஸ்னவியா,
நிலுவை பதினொரு மாதம்.
மூடியைக் கழற்றி ரோச் அடித்தேன்.
முள் பின்னோக்கி ஓடிக்கொண்டிருந்தது.

தட்டினேன், ஊதினேன்.
சுற்றறிக்கை சொன்னபடி
மூன்று விநாடி கண்ணை மூடித் திறந்தேன்.
உள்ளே அவ இடியப்பம் பிழிந்துகொண்டிருந்தா,
சந்திக் கடைக்கு இருநூறு.
ஒவ்வொரு பிழிவுக்கும்
ஒரு பல் பின்னே, ஒரு பல் பின்னே.
எடுக்கவில்லை ஐயா,
கொடுத்துக்கொண்டிருந்தா.
எந்த ஊரில் எவர் கிணறு அதனால் இனித்ததோ!

சொன்னேன்.
உரலைக் கீழே வைக்காமலே கேட்டா:
“அப்ப கணக்கப் பாருங்க தம்பி,
எனக்கு எவ்வளவு தரணும் உங்கட ஒபீஸ்?”

பட்டியல் புத்தகத்தைப் புரட்டினேன்.
அவ பக்கத்தில் வரவு என்றொரு நிரல்
அச்சிடப்பட்டிருக்கவில்லை.
“மறுகா வாறன்” என்றேன்.
கவுண்டரில் நாங்கள் சொல்லும் சொல்
என் வாயிலேயே புளித்தது.

அவவை நல்லவ என்று நான் எழுதவில்லை.
பக்கத்து வளவோடு வேலிச் சண்டை,
எனக்குத் தந்த பிளேன்டியில் சீனி இல்லை.

அதற்குப் பிறகு குறடில்லாமல் போனேன்.
சவுக்கடியில் கரைவலைக்குப் போனவனின் வெறும் குடிலில்,
இரவு வேலை முடித்துக் கால் நீட்டிக் கிடந்த
தாதி ஜெசிந்தாவின் சுவரில்,
தளவாயில் யானைக்குக் காவலிருந்து
தூங்காமல் திரும்பிய யோகராசாவின் கொட்டிலில்,
பின்னே, பின்னே.

தங்கள் ஆண்டறிக்கை, பக்கம் நான்கு:
விசையின் ஊற்று: தலைமையகம்.
கீழே எறும்பளவு எழுத்தில்:
பரிசீலனையில் உள்ளது.

ஆயிரத்து நூற்றுப் பதினேழு மீற்றருக்கும்
ஒரே சொல் எழுதினேன்: பழுது.
பழுதான மீற்றரைத் துண்டிக்க முடியாது.
அது தங்கள் விதி,
நான் ஆக்கியதல்ல.

இப்போது தாங்கள் அனுப்பிய படிவம்.
நிரல் ஒன்பது:
பழுதின் ஒலியை விபரிக்கவும்,
பத்துச் சொற்களுக்கு மேற்படாமல்.

மூன்று நாளாய் எழுதுகிறேன்.
மணலுக்குள் அலை வற்றுவதுபோல. வெட்டினேன்.
மா துளைவழி இறங்குவதுபோல.
அதில் ஒரு வீடுதான் இருந்தது, வெட்டினேன்.
இருட்டில் யாரோ காசு எண்ணுவதுபோல.
அதையும் வெட்டினேன்,
யார் காசென்று கேட்பீர்கள்.

மேலதிகத் தாள் இணைத்துள்ளேன்.

இங்ஙனம்,
பொ. குணரெத்தினம்,
துண்டிப்பு உத்தியோகத்தர், தரம் மூன்று.

பி.கு.:
என் குவாட்டஸ் மீற்றர் ஒழுங்காக இயங்குகிறது.
முன்னுக்குத்தான் ஓடுகிறது.