பதினேழாவது லெவல்

புளியரை தாண்டினால் மலை.
மலைக்கு முன்னால் கடைசி எடைமேடை எங்களுடையது.
இரவு பத்திலிருந்து காலை ஆறு வரை
கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான்,
அந்தப் பக்கம் ஜல்லி, எம்-சாண்ட், வைக்கோல்.
லாரி ஏறும், எண் துள்ளும், நிற்கும்,
சீட்டைக் கிழித்துக் கொடுப்பேன்.
இரண்டு லாரிக்கு நடுவே
போனில் ஒரு தோணி விடுவேன்.

பதினாறு வரை எனக்குப் பழகின ஆறுதான்.
பதினேழில் இருட்டு.
இருட்டுக்குள் ஒரு முதலை.
பதினோரு விநாடிக்கு மேல் அங்கே நான் பிழைத்ததில்லை.
அதற்குள்தான்
ஒரு தந்தி வாத்தியம் தூரத்தில் ஆரம்பிக்கும்,
என்னவோ சொல்ல வாயெடுக்கும்,
படக்கென்று முதலை.
மூன்று மாதமாக வாயெடுத்துக்கொண்டே இருந்தது.

"தோக்குறதுக்கா அக்கா இத்தன தடவ?"
சீட்டுக்குச் சீல் குத்திக்கொண்டே கேட்டான் செய்யது மசூது.
பகலில் செங்கோட்டை மொபைல் கடை, ராத்திரி இங்கே,
எப்போது தூங்குவானோ.
பாட்டு கேட்கத்தான் என்றேன்.
"அப்ப விளையாடாமலே எடுத்துருவோம்."

விளையாட்டின் பொட்டலத்தை நகல் எடுத்தான்.
பெயரின் வாலை நறுக்கினான்,
ஜிப் என்று வேறு வால் ஒட்டினான்.
அவ்வளவுதான்,
தார்ப்பாய் அவிழ்த்த லாரி மாதிரி திறந்து கிடந்தது.

துடுப்புச் சத்தம் மட்டும் நாற்பது விதம்.
காசு விழுவது. தவளை.
என் சாவுக்கென்று தனியாக ஒரு ஃபைல்,
ஒன்றே முக்கால் விநாடி.
'ஃபைனல் புது ஃபைனல்' என்று ஒன்று:
தொட்டால், யாரோ இருமுகிறார்,
நாற்காலி கிறீச்சிடுகிறது, முடிந்தது.
அதை அழிக்க மறந்த ஆளை
எனக்குப் பிடித்துப்போயிற்று.

பதினேழு மூன்று துண்டாகக் கிடந்தது.
தண்ணீர் தனி, மேளம் தனி, தந்தி தனி.
தோணி போகப் போக
ஒன்றின் மேல் ஒன்றாக ஏற்றுமாம்.
தந்தியை மட்டும் கேட்டேன்.
உப்புப் போடாத கஞ்சி.
வாயெடுத்தது, எதுவும் சொல்லவில்லை.

ஒட்டவைக்க ஒரு ஆப் இருக்கிறதாம்.
சாரல் இறங்கினால் இங்கே சிக்னல் நிற்காது.
என் போனில் தந்தி,
மசூது போனில் மேளம்,
தண்ணீருக்கு ஆள் வேண்டும்.

இரண்டரைக்கு ரெஜிமோன் வந்தார்,
புனலூருக்கு ஜல்லி,
முப்பத்து நாலாயிரத்து அறுநூற்று இருபது.
"எந்தா சேச்சி?" என்று எட்டிப் பார்த்தவரிடம்
தண்ணீரைப் புளூடூத்தில் அனுப்பினோம்.
சிரிக்கவில்லை. துண்டால் கை துடைத்துக்கொண்டு
போனைப் பிடித்துக் கணக்குச் சொன்னார்:
ஒந்நு, ரண்டு,
ரண்டிலேயே மசூது அமுக்கிவிட்டான்.
மறுபடி.
மறுபடி, பின்னால் ஒருவன் ஹாரன்.
மறுபடி. ஒந்நு, ரண்டு, மூந்நு.

சொன்னது.
என்ன சொன்னது என்று மசூது மனைவி
மறுநாள் கேட்டபோது எனக்குத் தெரியவில்லை.
மேளம் தந்தியின் கையைப் பிடித்துக் கூட்டிப்போயிற்று,
சுற்றிலும் தண்ணீர், தண்ணீர்,
தோணிக்கு அடியில் மட்டுமல்ல மேலேயும்.
மூன்றாம் நிமிடம் முடிவு வரும் என்று பார்த்தேன்,
சத்தம் காட்டாமல் முதலுக்கே திரும்பியது.
பிழைக்கிறவளுக்காகக் காத்திருக்கச் செய்த பாட்டு,
அதற்கு எதற்கு முடிவு?

ரெஜிமோன் போனைக் காதில் வைத்துப் பார்த்தார்.
உதறினார். மறுபடி வைத்தார்.
"ஒச்சயில்லல்லோ."
வால்யூம் முழுக்கக் கீழே கிடந்தது.
அண்ணாந்து தகரக் கூரையைப் பார்த்தோம் மூன்று பேரும்.

அழிக்கட்டுமா என்றான் மசூது.
வேண்டா, கிடக்கட்டும் என்று ஏறிக்கொண்டார்.
பழக்கம், நான் எண்ணைப் பார்த்தேன்.
ஒரு ஆறு ஏறியும்
அறுநூற்று இருபதில் அசையாமல் நின்றது.
சிவப்பு விளக்கு எஸ் வளைவில் மறைந்தது.

நாலு மணிக்கு லாரி இல்லை.
தோணியை விட்டேன்.
பன்னிரண்டு விநாடி.