பன்னிரண்டுக்கும் பதிமூன்றுக்கும் நடுவே

பாகாவ் டவுனில் ரொட்டிச் சானாய் தின்றுவிட்டு
வேனை எடுத்தபோது மணி ஏழு.
கோலாலம்பூர் அனுப்பிய வேலைச்சீட்டில் ஒரே வரி:
பன்னிரண்டாம் பிளாக்குக்கும் பதிமூன்றுக்கும் நடுவே
அலை எட்டாத பள்ளம். அடைக்கவும்.

இந்தத் தோட்டத்தில் செம்பனைகளுக்கு எண் உண்டு.
ஒவ்வொன்றின் இடுப்பிலும் தீப்பெட்டி அளவு ஒரு பெட்டி.
நாலாயிரத்து நானூற்றுப் பதினேழு
தன் ஈரத்தை அடுத்த மரத்திடம் சொல்ல,
அது தன்னுடையதையும் சேர்த்து அதற்கடுத்ததிடம் சொல்ல,
ஆந்தைக்கூடு வைத்த கம்பம் வரைக்கும்
வதந்தி மாதிரி ஓடி வரும்.
எந்தக் குலை நாளை பழுக்கும் என்று
மண்டோருக்கு முன்னால் அதற்குத் தெரிந்துவிடும்.
மண்டோர் இப்போது சிரம்பானில் கிராப் ஓட்டுகிறார்.

மனிதர்களுக்கு மணிக்கட்டில் பட்டை.
நடந்தால் பச்சை, நின்றால் மஞ்சள்.
ஆறு நிமிடம் அசையாவிட்டால் சிவப்பு.
சம்பளத் தாளில் அது ஒரு கழித்தல் குறி.

பள்ளத்தில் இறங்கினேன்.
கைப்பேசியில் கோடுகள் நாலு, இரண்டு, ஒன்று,
பிறகு ஒன்றுமில்லை.
அங்கே ஒன்பது பேர் உட்கார்ந்திருந்தார்கள்.

வெட்டிய மட்டைகளை அடுக்கி இருக்கை.
ஜஹாங்கீர் அரிவாள் கழியை மரத்தில் சாய்த்திருந்தான்.
பவுனம்மா உதிரிப்பழக் கோணிமேல் கால் நீட்டியிருந்தார்.
என் மஞ்சள் தொப்பியைப் பார்த்ததும்
பேச்சு நின்றது. யாரும் எழவில்லை.

போன வருஷம் ஒன்பதாம் பிளாக்கில்
நேபாளத்துப் பையன் திலக்கை நாகம் கொத்தியபோது
கூப்பிட்டது பட்டைதான்.
பக்கத்து நிரையில் இருந்தவனுக்கு முன்பே
ஆம்புலன்ஸுக்குத் தெரிந்தது. பிழைத்தான்.
அதைச் சொன்னதும் பவுனம்மாதான்.

“இங்கே கொத்தியிருந்தால்?” என்றேன்.
“செத்துருப்பான்,” என்று தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.
“விழுந்தா கூப்பிடட்டும். ஒக்காந்தா எதுக்கு?
அதுக்கு ரெண்டுக்கும் வித்தியாசம் தெரியுமா?”

தெரியாது. சொல்லிக் கொடுத்தால் தெரியும்.
மாதிரி அசைவுகளை அனுப்பப் படிவம் உண்டு.
அதில் கட்டங்கள் இரண்டே: வேலை. வேலை இல்லை.

வெயில் ஏறும்வரை விழுந்தோம்.
குலை தலையில் இறங்கியவனாக, சேற்றில் வழுக்கியவனாக,
மயங்கியவனாக, ஜஹாங்கீர் நாற்பது முறை விழுந்தான்;
கடைசி ஏழில் சிரிப்பும் கலந்திருக்கிறது, மன்னிக்கவும்.
“எனக்கு ஒக்காரத்தான் வரும்” என்றார் பவுனம்மா.
முழங்காலில் கை, மூச்சில் ஒரு முருகா, பிறகு இடுப்பு.
நாற்பதையும் பதிந்து, மேட்டுக்கு ஏறி,
குறிப்பு எழுதும் இடத்தில் ‘இளைப்பாறல்’ என்று தட்டினேன்.
திரையில் வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது.

மதியம் கம்பத்தை நட்டேன்.
நட்டேன்தான். அதற்கு என்னிடம் நல்ல சாக்கு எதுவும் இல்லை.
பள்ளத்துக்குள் நாலு கோடும் எழுந்தன.

ஆறு நிமிடம் கழித்துப் பவுனம்மாவின் கை சிவந்தது.
பட்டை பேசியது, போன மாதம்தான் கற்ற
செய்தி வாசிப்புத் தமிழில்:
“தாங்கள் அசையவில்லை. நலம் எனில் ஒன்று,
உதவி தேவை எனில் இரண்டு எனக் கூறவும்.”

“இரு,” என்றார் பவுனம்மா,
வாசலில் நிற்கும் பிள்ளையிடம் சொல்வதுபோல.

“இரண்டு. பதிவு செய்யப்பட்டது.”

விபத்து நடந்த பிளாக்கில்
வண்டி வந்து சேரும்வரை யாரும் வேலை செய்யக்கூடாது.
அதுவும் விதி, அதுவும் பட்டையே படித்துக் காட்டியது.
பாகாவிலிருந்து செம்மண் பாதையில் நாற்பது நிமிடம்.
ஒன்பது மணிக்கட்டும் வரிசையாக அணைந்தன.

தொப்பியைக் கழற்றினேன்.
பவுனம்மா கோணியில் கொஞ்சம் நகர்ந்து
இடம் விட்டார்.